கொடுத்த காணியா, மிஞ்சிய காணியா?

கனடாவில் ஒன்ராறியோ மாகாணத்து பிரான்ட்ஃபோர்ட் பக்கம் காரில் போனபோது 'சிக்ஸ் நேஷன்ஸ்' என்ற பலகையைக் கண்டீர்கள். அங்கிருந்து வந்த கேள்வி இது: "அரசாங்கம் பூர்வகுடிகளுக்குக் காணியை இலவசமாகக் கொடுத்து, வரியும் வேண்டாமென்று விட்டிருக்கிறது. அப்படியிருந்தும் ரிசேர்வுகள் என்ற அந்த ஒதுக்கு நிலங்களில் குடிதண்ணீர்கூட ஒழுங்காக இல்லையே, ஏன்? இந்த ரிசேர்வுகளை எப்போது, யார் கொடுத்தது? எங்களைப் போன்றவர்கள் உள்ளே போகலாமா?" பல கேள்விகள் போலத் தெரிந்தாலும் அடியில் இருப்பது ஒன்றுதான். யாருடைய காணியை யார் யாருக்குக் கொடுத்தது? அதற்குப் பதில் பிடிபட்டால் தண்ணீரும் வரியும் வறுமையும் ஒவ்வொன்றாக விளங்கும். அதனால் அங்கிருந்தே தொடங்குகிறேன்.

ஒன்ராறியோவில் 23 வருடமாகக் காணிப் பதிவுகளைத் தேடும் வேலை செய்கிறேன். வீடோ வயலோ கைமாறும்போது, அது யாரிடமிருந்து யாருக்கு வந்தது என்று பின்னோக்கிப் போய்ப் பார்த்துச் சொல்லும் வேலை. ஊரில் உறுதியின் மூலம் தேடுவோமே, அதேதான். கடைசிப் பத்து வருடங்களில் பெரும்பகுதி, பூர்வகுடிச் சமூகங்களின் காணிக் கோரிக்கைகளுக்குப் பழைய ஆவணங்களைத் தேடி எடுத்துக் கொடுப்பதில் போனது. நான் சட்டத்தரணி அல்ல. ஒன்ராறியோ ஆவணங்களைக் கையால் தொட்டவன். மேற்கு மாகாணங்களையும் பிரிட்டிஷ் கொலம்பியாவையும் பற்றிச் சொல்வது வாசித்து அறிந்தது. இன்னொன்றையும் முதலிலேயே சொல்லவேண்டும். நான் பார்த்த தாள்களில் ஏறக்குறைய எல்லாமே ஒரு பக்கத்தார் எழுதியவை. மற்றப் பக்கத்தாரின் நினைவு வம்பம் என்ற சிப்பி மணி கோத்த பட்டிகளிலும் வாய்மொழியிலும் இருக்கிறது. அதைச் சொல்லும் உரிமை அவர்களுடையது.

வேலைக்குச் சேர்ந்த முதல் மாதம் ஒரு பண்ணைக் காணியின் பதிவுப் புத்தகத்தைத் திறந்து, கடைசி வரியிலிருந்து மேலே போய்க்கொண்டிருந்தேன். விற்பனை, ஈடு, மரணசாதனம், திரும்ப விற்பனை. எல்லாவற்றுக்கும் மேலே முதல் வரியில், 'முடியிடமிருந்து', அதாவது பிரிட்டிஷ் அரசிடமிருந்து, இன்னாருக்கு இத்தனை ஏக்கர் என்று இருந்தது. "முடிக்கு எப்படி வந்தது?" என்று மேலாளரிடம் கேட்டேன். "அதுதான் முதல் வரி, அதற்கு மேலே தேடத் தேவையில்லை" என்றார். ஒன்ராறியோவில் எந்தக் காணியை எடுத்தாலும் புத்தகம் அப்படித்தான் தொடங்கும். யாழ்ப்பாணத்தில் ஒரு முதுசொம் காணிக்கு ஒல்லாந்தர் காலத்துத் தோம்பு வரைக்கும் பேச்சு நீளும் வீட்டில் வளர்ந்தவன் நான். மேலே ஒன்றுமில்லை என்பதை என்னால் விழுங்க முடியவில்லை. 'முடிக்குரிய காணி' என்ற சொல் எங்களுக்கும் புதிதல்ல. 1840இல் அதே பிரிட்டிஷ் முடி இலங்கையில் ஒரு சட்டம் போட்டு, பயிரிடாத காடுகளும் தரிசுகளும் எதிராக நிரூபிக்கும்வரை தன்னுடையவை என்று சொன்னது. கனடாவில் அந்த வேலையைச் சற்று வேறு விதமாகச் செய்தார்கள்.

வேறு விதம் என்று நான் சொல்வது 1763 ஒக்ரோபர் 7ஆம் திகதிய அரச பிரகடனத்தை. ஏழு வருடப் போரில் பிரெஞ்சுக்காரரிடமிருந்து இந்தப் பகுதியை வென்ற மூன்றாம் ஜோர்ஜ் அதில் மூன்று விடயங்களை எழுதிவைத்தார். பூர்வகுடிகள் முடிக்கு விட்டுக்கொடுக்காத, முடி வாங்காத நிலம் அவர்களுக்கே ஒதுக்கப்பட்டது. குடியேறிகள் யாரும் தனிப்பட அதை வாங்கக்கூடாது. வாங்குவதென்றால் முடி மட்டும், அதுவும் அவர்களுடைய பொதுச் சபையைக் கூட்டித்தான். அடுத்த வருடம் நயாகராவில் இருபதுக்கு மேற்பட்ட தேசங்களின் தலைவர்கள் கூடியபோது இது வம்பம் பட்டிகள் கைமாறி உறுதிப்படுத்தப்பட்டது. ஆக, பதிவுப் புத்தகத்தின் முதல் வரிக்கு மேலே ஆட்கள் இருந்தார்கள் என்பதை முடியே எழுத்தில் ஒப்புக்கொண்டிருக்கிறது. வாங்கியிராவிட்டால் விற்றிருக்க முடியாது. 'ரிசேர்வ்' என்ற சொல்லின் வேரும் இங்கேதான் இருக்கிறது. இதற்கு முன்பும் பிரெஞ்சுக்காரர் காலத்தில், 1637இல் கியூபெக்கிற்குப் பக்கத்தில் சிலெறி என்ற இடத்தில் இயேசு சபையினர் மதம் மாறியவர்களுக்கென ஒரு குடியிருப்பை அமைத்தார்கள். ஆனால் பிரிட்டிஷ் ஒப்பந்தங்களில் அந்தச் சொல் வரும் விதத்தைக் கவனியுங்கள். ஒரு தேசம் பெருநிலத்தை விட்டுக்கொடுக்கும்போது "இந்தத் துண்டு எங்களுக்கு, இந்த ஆற்றில் மீன்பிடி எங்களுக்கு" என்று தனக்கென வைத்துக்கொண்டதுதான் ரிசேர்வ். பத்துப் பரப்புக் காணியில் எட்டை விற்றுவிட்டு இரண்டைத் தனக்கென்று வைத்திருப்பவரைப் பார்த்து, வாங்கியவர் அவருக்கு இரண்டு பரப்பு இலவசமாகக் கொடுத்தார் என்று யாரும் சொல்வதில்லை.

விட்டுக்கொடுத்த அந்த எட்டுப் பரப்பாவது ஒழுங்காக எழுதப்பட்டதா என்றால், நீங்களும் நானும் குடியிருக்கும் ரொறன்ரோவையே எடுத்துப் பார்க்கலாம். 1787 செப்ரெம்பர் 23ஆம் திகதி குயின்ரி குடாவில் முடியின் அதிகாரிகளும் இந்தப் பகுதியின் பூர்வகுடிகளான மிசிசாகாக்களின் தலைவர்களும் கூடினார்கள். 24 பித்தளைக் கிடாரங்கள், 120 முகம்பார்க்கும் கண்ணாடிகள், 96 கலன் ரம், துப்பாக்கிக் கற்கள், துணிகள் கைமாறின. அது காணி விற்பனை என்று முடி சொன்னது. சில வருடங்கள் கழித்து அதிகாரிகள் அந்த உறுதியை எடுத்துப் பார்த்தபோது அது வெற்றுப் படிவமாக இருந்தது. எல்லை எழுதவில்லை, அளவு எழுதவில்லை. மூன்று தலைவர்களின் குலச் சின்னங்கள் வேறு வேறு தாள் துண்டுகளில் வரையப்பட்டு, அந்த வெற்றுத் தாளில் ஒட்டப்பட்டிருந்தன. நான் இந்தத் தொழிலில் எத்தனையோ கோணல் உறுதிகளைக் கண்டிருக்கிறேன். கையொப்பத்தை வேறு தாளிலிருந்து கொண்டுவந்து ஒட்டிய ஒன்றைக் கண்டதில்லை. 1788இல் எல்லை அளக்கப் போன அளவையாளரை மிசிசாகாக்கள் மறித்தார்கள், ஏனென்றால் எல்லை எது என்பதில் இரு பக்கமும் ஒத்துப்போகவில்லை. பத்திரம் செல்லாது என்று ஆளுநர் டோர்செஸ்டர் 1794இலேயே எழுதிவிட்டார். ஆனாலும் அதற்கிடையில் நகரம் எழும்பத் தொடங்கியிருந்தது. 1805இல் திரும்பவும் ஒரு பத்திரம் எழுதி, 250,880 ஏக்கருக்கு 10 சிலிங் விலை வைத்தார்கள். முதல் பத்திரம் செல்லாது என்பதைக் கையெழுத்து வைத்தவர்களுக்குச் சொல்லவில்லை. 2010இல் கனடா அரசு இதற்காக மிசிசாகாஸ் ஒஃப் த கிரெடிற் சமூகத்துக்கு 14 கோடி 50 இலட்சம் டொலர் கொடுத்துத் தீர்த்தது.

இதில் எது நிச்சயம், எது விவாதத்துக்குரியது என்று பிரித்துச் சொல்லிவிடுகிறேன். வெற்றுப் பத்திரம், 10 சிலிங், திகதிகள் எல்லாம் நிச்சயம், தாள் இருக்கிறது. மிசிசாகா தலைவர்கள் அந்த இடத்தில் என்ன விளங்கிக்கொண்டு சின்னம் வரைந்தார்கள் என்பது விவாதம். காணியை நிரந்தரமாகக் கைவிடுவது என்ற எண்ணமே அவர்கள் மொழியிலும் வழக்கத்திலும் இருக்கவில்லை, வந்தவர்களோடு நிலத்தைப் பகிர்ந்துகொள்ளும் உடன்படிக்கை என்றுதான் எடுத்தார்கள் என்பது அவர்கள் தலைமுறை தலைமுறையாகச் சொல்லிவருவது. வருடாவருடம் பரிசுப் பொருட்கள் வந்துகொண்டிருந்ததும் அந்த விளக்கத்துக்குப் பொருந்துகிறது. வரலாற்றாசிரியர்களில் அநேகர் இன்று இதற்குக் கிட்டவாகத்தான் நிற்கிறார்கள். எனக்கும் அதுவே சரியாகப் படுகிறது.

அதே மிசிசாகாக்கள் அந்தக் காலத்தில் கிரெடிற் ஆற்றின் இரு கரையிலும் ஒவ்வொரு மைல் அகலத்தையும், பக்கத்தில் வேறு இரண்டு ஓடைகளின் கரைகளையும் தங்களுக்கென வைத்திருந்தார்கள். 1820இல் அதுவும் போய் 200 ஏக்கர்தான் மிஞ்சியது. அங்கே 1826இல் ஒரு கிராமம் கட்டினார்கள். வீடுகள், பள்ளிக்கூடம், தேவாலயம், வயல். இன்று மிசிசாகா நகரத்தில் அந்த இடம் கோல்ஃப் மைதானம். கிராமத்தை நடத்தியவர் பீற்றர் ஜோன்ஸ், அம்மாவின் அனிஷினாபே மொழியில் அவர் பெயர் ககெவாக்வனாபி. இவருடைய அப்பா ஒகஸ்ரஸ் ஜோன்ஸ் யங் வீதியை அளந்த அரச அளவையாளர். அம்மா மிசிசாகாப் பெண். அப்பா சங்கிலி பிடித்து அளந்த காணியில் மகன் உறுதிக்காக அலைந்தார். தங்கள் பெயரில் உறுதி இல்லாவிட்டால் இந்தக் கிராமத்திலிருந்தும் எழுப்பிவிடுவார்கள் என்ற பயம் அவர்களுக்கு இருந்தது. பயம் வீணல்ல, 1836இல் ஆளுநர் பொண்ட் ஹெட் தெற்கிலுள்ள பூர்வகுடிகளை மனிற்றூலின் தீவுக்கு அனுப்பிவிட வேண்டும் என்று வெளிப்படையாகவே சொன்னார். 1838இல் பீற்றர் ஜோன்ஸ் இங்கிலாந்து போய் விக்ரோரியா மகாராணியை நேரில் கண்டு, வம்பம் பட்டி கோத்த மனுவைக் கையில் கொடுத்தார். மனு கேட்டது ஒன்றே ஒன்று, காணி உறுதி. ராணி சம்மதித்தார். உறுதி அவர்கள் கைக்கு வரவில்லை. 1847இல் கிராமத்தை விட்டு எழும்பிப் போனார்கள்.

எங்கே போனார்கள் என்பதில்தான் நீங்கள் கண்ட அந்தப் பலகை வருகிறது. அமெரிக்கச் சுதந்திரப் போரில் ஹோடனஷோனி என்ற ஆறு தேசக் கூட்டமைப்பில் பலர் பிரிட்டிஷாரின் பக்கம் நின்று, நியூயோர்க்கிலிருந்த தங்கள் நிலங்களை இழந்தார்கள். 1784இல் முடி மிசிசாகாக்களிடம் நிலம் வாங்கியது. அதில் கிராண்ட் ஆற்றின் இரு கரையிலும் ஆறாறு மைல் அகலத்தை, ஆற்றின் கடைவாயிலிருந்து தலைவரை, ஆறு தேசத்தாருக்கும் அவர்கள் சந்ததிக்கும் "என்றென்றைக்கும்" என்று ஆளுநர் ஹல்டிமண்ட் ஒக்ரோபர் 25ஆம் திகதி எழுதிக் கொடுத்தார். 63 வருடம் கழித்து மிசிசாகாக்கள் போக இடமில்லாமல் நின்றபோது ஆறு தேசத்தார் அந்தப் பழைய உதவியை நினைத்து, தங்கள் ரிசேர்வின் ஒரு மூலையை அவர்களுக்குக் கொடுத்தார்கள். ஹேகர்ஸ்வில் பக்கத்தில் இன்றும் அங்கேதான் இருக்கிறார்கள். நீங்கள் கேட்ட 'யார் யாருக்குக் கொடுத்தது' என்பதற்கு, என் கண்ணில் பட்ட ஆவணங்களில் கைமாறு எதிர்பாராமல் காணி கொடுத்த இடம் இது ஒன்றுதான்.

ஹல்டிமண்ட் எழுதிய நிலம் சுமார் 950,000 ஏக்கர். இன்று சிக்ஸ் நேஷன்ஸ் ரிசேர்வ் சுமார் 46,000 ஏக்கர், அதாவது இருபதில் ஒரு பங்குகூட இல்லை. மிச்சம் எங்கே போனது என்பது நீளமான, சிக்கலான கதை. ஒரு பகுதியை, ஆறு தேசங்களில் ஒன்றான மோஹோக்கின் தலைவர் ஜோசஃப் பிரான்ட் என்ற தயெண்டனேகியாவே, வேட்டை நிலம் சுருங்கியதால் சமூகத்துக்கு வருமானம் வேண்டுமென்று, பெரிய துண்டுகளாக விற்றும் குத்தகைக்குக் கொடுத்தும் விட்டார். அதற்கு அவருக்கு அதிகாரம் இருந்ததா என்பதில் ஆறு தேசத்தாருக்குள்ளேயே அப்போது சண்டை. இன்னொரு பகுதியில் குடியேறிகள் கேளாமல் வந்து குந்தினார்கள். அவர்களை எழுப்பக் கடமைப்பட்ட முடி எழுப்பவில்லை. 1841இல் சில தலைவர்கள் பெரும்பகுதியை முடியிடம் ஒப்படைத்துக் கையெழுத்து வைத்ததாக ஒரு பத்திரம் இருக்கிறது. சபை அதை ஏற்கவில்லை என்று உடனேயே எதிர்ப்பு மனுக்களும் இருக்கின்றன. இரண்டையும் நான் வாசித்திருக்கிறேன். பத்திரத்தை மட்டும் வைத்துத் தீர்ப்புச் சொல்ல முடியாது என்பது என் எண்ணம். இதில் சந்தேகமே இல்லாத விடயம் காசு. காணி விற்ற பணத்தை அவர்களுக்காகப் பொறுப்பில் வைத்திருந்த முடி, அதை எடுத்து கிராண்ட் ஆற்றுக் கப்பல் போக்குவரத்துக் கம்பனியில் பங்கு வாங்கியது. அவர்கள் வேண்டாமென்றார்கள். கம்பனி 1861இல் முறிந்தது. அந்தக் கணக்கைக் காட்டு என்று சிக்ஸ் நேஷன்ஸ் 1995இல் வழக்குப் போட்டது.

மேற்கில் நடந்ததைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1871 முதல் 1921 வரை ஒன்று முதல் பதினொன்று வரை இலக்கமிட்ட ஒப்பந்தங்கள் வந்தன. முதலாவதில், ஐந்து பேர் கொண்ட குடும்பத்துக்கு 160 ஏக்கர் என்று ரிசேர்வ் அளந்தார்கள். அடுத்த வருடம் வந்த குடியேற்றக் காணிச் சட்டம், ஐரோப்பாவிலிருந்து வந்த ஒரு தனி ஆளுக்கு 10 டொலர் கட்டணத்தில் அதே 160 ஏக்கரைக் கொடுத்தது. அந்த நிலம் முழுவதற்கும் சொந்தக்காரராக இருந்த குடும்பமும் நேற்றுக் கப்பலில் வந்திறங்கிய ஒருவரும் ஒரே அளவு. மூன்றாம் ஒப்பந்தத்தில் தலைவர்கள் விடாமல் பேரம் பேசி அதை 640 ஏக்கராக்கினார்கள். முதல் ஒப்பந்தத்தில் வாயால் சொன்ன கலப்பையும் மாடும் எழுத்தில் வரவில்லை; நான்கு வருடம் முறையிட்ட பிறகுதான் சேர்த்துக்கொண்டார்கள். பிரிட்டிஷ் கொலம்பியாவின் பெரும்பகுதியில் ஒப்பந்தமே இல்லை. அங்கே காணிப் பொறுப்பிலிருந்த ஜோசஃப் ட்ரட்ச், 1860களில் ஏற்கெனவே குறித்த ரிசேர்வுகளை வெட்டி, குடும்பத்துக்குப் பத்து ஏக்கர் போதும் என்றார். அதே காலத்தில் வெள்ளைக் குடியேறி ஒருவர் 160 ஏக்கருக்குக் குறி போடலாம். பூர்வகுடியைச் சேர்ந்தவர் அப்படிக் குறி போட 1866இலிருந்து தடை.

இனி வறுமைக்கு வருவோம். 1876இல் வந்த இந்தியன் சட்டம் (பூர்வகுடிகளை அப்போது 'இந்தியன்' என்றார்கள்) இன்றும் திருத்தங்களோடு நடைமுறையில் இருக்கிறது. அதன்படி ரிசேர்வ் நிலத்தின் உரித்து முடிக்கு. குடியிருப்பவர்களின் "பாவனைக்கும் நன்மைக்கும்" முடி அதை வைத்திருக்கிறது. என் தொழில் பாஷையில் சொன்னால், ரிசேர்வில் வீடு கட்டியிருப்பவரிடம் உறுதி இல்லை. அமைச்சர் ஒப்புதல் கொடுத்த உடைமைச் சான்றிதழ்தான் இருக்கும், பலரிடம் அதுவும் இல்லை. வெளியார் அந்தக் காணியைக் கடனுக்குப் பறிக்க முடியாது என்று சட்டம் பாதுகாக்கிறது. நல்ல நோக்கம். ஆனால் பறிக்க முடியாத காணியை எந்த வங்கி ஈடாக எடுக்கும்? நாங்கள் இங்கே வந்து பத்து வருடத்தில் வீட்டை ஈடு வைத்துக் கடை போட்டோம், பிள்ளையைப் பல்கலைக்கழகத்துக்கு அனுப்பினோம். அந்த ஏணியின் முதல் படியே அங்கே இல்லை. இவர்களின் உரிமை என்னவென்று அக்காலப் பேரரசின் மேல் நீதிமன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் 1888இல் தீர்ப்புச் சொன்னது: முடியின் நல்லெண்ணத்தில் தங்கிய, அனுபவிக்கும் உரிமை மட்டும். ஒன்ராறியோவுக்கும் ஒரு மரக் கம்பனிக்கும் இடையில் நடந்த வழக்கு அது. யாருடைய காணி என்று விவாதித்தார்களோ அந்த மக்கள் வழக்கில் கட்சிக்காரராகவே இல்லை.

காணி இருந்தால் உழைத்து முன்னேறியிருக்கலாமே என்பீர்கள். உழைத்தார்கள். மேற்கில் 1881இலிருந்து ரிசேர்வில் விளைந்த தானியத்தை விற்க அரச அலுவலரின் துண்டு வேண்டும். 1885க்குப் பிறகு ரிசேர்வை விட்டு வெளியே போகவும் அலுவலரின் துண்டு கேட்டார்கள். அதற்குச் சட்டம்கூட இல்லை, வழக்கமாக நடத்தினார்கள். 1889இலிருந்து பூர்வகுடி விவசாயிகள் இயந்திரம் பாவிக்கக்கூடாது, கையால் விதைத்துக் கையால் அறுக்க வேண்டும் என்று ஹேற்றர் ரீட் என்ற அதிகாரி கொள்கை வகுத்தார். 1911இல் சட்டத்தைத் திருத்தி, 8,000 பேருக்கு மேலுள்ள நகரத்துக்குப் பக்கத்திலிருக்கும் ரிசேர்வை நீதிமன்ற உத்தரவோடு அப்புறப்படுத்தலாம் என்றார்கள். வீதிக்கும் ரயிலுக்கும் துண்டு துண்டாக எடுக்கவும் வழி செய்தார்கள். இதையெல்லாம் எதிர்த்து வழக்காடலாமே என்றால், 1927 முதல் 1951 வரை அரசின் அனுமதியில்லாமல் காணிக் கோரிக்கைக்காகப் பணம் சேர்ப்பதே குற்றம். அந்த அனுமதியில்லாமல் எந்தச் சட்டத்தரணியும் அவர்களிடம் கூலி வாங்க முடியாது. ஒரு தலைமுறை முழுவதும் வாயைக் கட்டி வைத்திருந்த இந்த ஒரு பிரிவைத்தான் எல்லாவற்றிலும் கொடியதாக நான் நினைக்கிறேன்.

உறுதி இல்லாத காணி போர்க்காலத்தில் என்ன ஆகும் என்பதற்கு இப்பர்வோஷ் போதும். ஹியூரன் ஏரிக்கரையில் ஸ்ரோனி பொயின்ற் ரிசேர்வை 1942இல் இராணுவப் பயிற்சி முகாமுக்காகக் கேட்டார்கள். மக்கள் வாக்களித்து மறுத்தார்கள். அரசு போர்க்கால அதிகாரத்தைக் கொண்டு எடுத்துக்கொண்டு, போர் முடிந்து தேவையில்லாவிட்டால் திருப்பித் தருவோம் என்றது. யாழ்ப்பாணத்து வலிகாமம் வடக்கில் இராணுவத்துக்கு வீட்டை விட்டு வந்தவர்களுக்கு இந்த வாக்கியத்தை நான் விளக்க வேண்டியதில்லை. போர் 1945இல் முடிந்தது. 1995 செப்ரெம்பர் 6ஆம் திகதி இரவு, பக்கத்துப் பூங்காவிலிருந்த தங்கள் மூதாதையர் புதைகுழிகளுக்காக அங்கே நின்றவர்களில் ஆயுதமில்லாத டட்லி ஜோர்ஜைப் பொலிஸ் சுட்டுக் கொன்றது. காணி 2016இல்தான் சட்டப்படி திரும்பியது. வெடிக்காத குண்டுகள் அதற்குள் கிடந்தன.

தண்ணீரைப் பற்றிக் கேட்டீர்கள். ஒன்ராறியோ மனிற்றோபா எல்லையில் ஷோல் லேக் 40 என்ற சமூகம். வின்னிபெக் நகரம் 1919இலிருந்து அந்த ஏரியிலிருந்துதான் குழாய் வழியாகக் குடிக்கிறது. அந்த நீர்வழிக்காக வெட்டிய கால்வாய் இவர்களைப் பெருநிலத்திலிருந்து பிரித்துத் தீவாக்கிவிட்டது. வின்னிபெக் குழாயைத் திறந்து குடித்துக்கொண்டிருக்க, தண்ணீர் புறப்படும் இடத்திலிருந்த இவர்கள் 1997 முதல் 2021 வரை கொதிக்கவைத்துக் குடி என்ற எச்சரிக்கையின் கீழ் இருந்தார்கள். சுத்திகரிப்பு நிலையம் கட்டச் சாமான் கொண்டுபோக வீதியே இல்லை. 2019இல் வீதி போட்டார்கள், இரண்டு வருடத்தில் தண்ணீர் வந்தது. உங்கள் கேள்வியிலுள்ள "ஏன்" என்பதற்கு அந்த வீதிதான் பதில். நகரசபை வரி, மாகாண அரசு, வங்கிக் கடன் என்று மற்ற ஊர்கள் குழாய் போடும் வழிகள் ரிசேர்வுக்கு ஒன்றும் சரியாகப் பொருந்தாது. ஒட்டாவாவின் ஒரு திணைக்களத்தைத்தான் பார்த்திருக்க வேண்டும்.

வரி விலக்கு பற்றியும் ஒரு சொல். அது இந்தியன் சட்டத்தில் பதிவுள்ள ஒருவரின் ரிசேர்வுக்குள் இருக்கும் சொத்துக்கும் அங்கே உழைக்கும் வருமானத்துக்கும் மட்டும். பதிவுள்ளவர்களில் பாதிக்கும் மேற்பட்டோர் ரிசேர்வுக்கு வெளியே வாழ்கிறார்கள். ரொறன்ரோவில் வேலை செய்பவர் உங்களைப்போல, என்னைப்போல வரி கட்டுகிறார். வடதுருவப் பக்கத்து இனுயிற் மக்களுக்கும், பூர்வகுடியும் ஐரோப்பியரும் கலந்த வழிவந்த மெற்றிஸ் மக்களுக்கும் அந்த விலக்கு இல்லை. ரிசேர்வுகள் எல்லாவற்றையும் கூட்டினாலும் கனடாவின் நிலப்பரப்பில் நூற்றுக்கு அரைப் பங்கை எட்டாது. மற்றப் பக்கத்தில் எவ்வளவு கொடுத்தார்கள் என்றும் பாருங்கள். 1850இல் ரொபின்சன் ஒப்பந்தங்களில் ஹியூரன், சுப்பீரியர் ஏரிகளின் வடக்கு நிலம் முழுவதற்கும், நிலத்தின் வருமானம் கூடினால் கூட்டித் தருவோம் என்ற சொல்லோடு, வருடக் கொடுப்பனவு பேசினார்கள். சுரங்கமும் மரமும் கோடி கோடியாகக் கொட்டின. கொடுப்பனவு 1875இல் ஆளுக்கு 4 டொலர் ஆனது, அதன்பின் 4 டொலரிலேயே நின்றது. முடி தன் வாக்கை மீறிவிட்டது என்று உச்ச நீதிமன்றம் 2024இல் சொன்னது.

காணி திரும்புமா? 1973இல் பிரிட்டிஷ் கொலம்பியாவின் நிஸ்கா தேசத்து ஃப்ராங்க் கால்டரின் வழக்கில், ஐரோப்பியர் வருமுன்பே இவர்களுக்குக் காணி உரித்து இருந்தது என்பதை உச்ச நீதிமன்ற நீதிபதிகள் ஏழு பேரில் ஆறு பேர் ஒப்புக்கொண்டார்கள். வழக்கு வெல்லவில்லை, கதவு திறந்தது. 2014இல் அதே மாகாணத்துச் சில்கொற்றின் தேசத்துக்கு சுமார் 1,750 சதுர கிலோமீற்றருக்கு உரித்து உண்டென்று முதன்முதலாக நீதிமன்றம் பிரகடனம் செய்தது. ஆனால் நான் வேலை செய்யும் பக்கத்தில், பழைய ஒப்பந்த மீறல்களை விசாரிக்க 2008இல் அமைத்த தீர்ப்பாயம் பணம் மட்டுமே கட்டளையிடலாம், காணியைத் திருப்பிக் கொடுக்கச் சொல்ல அதற்கு அதிகாரம் இல்லை. ரொறன்ரோவின் கிழக்குப் புறத்தையும் உள்ளடக்கும் 1923ஆம் ஆண்டு வில்லியம்ஸ் ஒப்பந்தங்களுக்கு 2018இல் 111 கோடி டொலர் தீர்வு வந்தது. ஏழு சமூகங்களும் ஒவ்வொன்றும் 11,000 ஏக்கர்வரை வாங்கி ரிசேர்வில் சேர்க்கலாம். வாங்கலாம் என்றால், விற்க மனமுள்ளவரிடம் இன்றைய சந்தை விலைக்கு. அப்படிப்பட்ட ஒரு கொள்வனவின் பதிவைத் தேடும்போது, நான் பழையபடி அதே முதல் வரிக்குத்தான் போய்ச் சேர்ந்தேன். 'முடியிடமிருந்து' என்ற அந்தச் சொல்லுக்கு மேலே இருந்தவர்களின் பேரப்பிள்ளைகள் இப்போது புத்தகத்தின் கடைசி வரியில், வாங்குபவராக.

உள்ளே போகலாமா என்று கேட்டீர்கள். தாராளமாகப் போகலாம், வீதிகள் திறந்தவை. சிக்ஸ் நேஷன்ஸில் ஒவ்வொரு வருடமும் யூலைக் கடைசியில் பெரிய பவ்வவ் ஆட்ட விழா நடக்கும். மிசிசாகாக்களின் விழா ஓகஸ்ட் கடைசியில், ஹேகர்ஸ்வில் பக்கம். ஸ்காபரோவிலிருந்து ஒன்றரை, இரண்டு மணித்தியால ஓட்டம். பிள்ளைகளையும் கூட்டிப் போங்கள். ஆட்டக்காரர் வட்டத்துக்குள் நுழையும்போது எல்லோரும் எழும்பி நிற்பார்கள், நீங்களும் நில்லுங்கள். அவர்கள் அணிந்திருப்பதைத் தொடாதீர்கள், படம் எடுக்குமுன் கேளுங்கள். கடைகளில் சோளச் சூப் கிடைக்கும். அந்தச் சோளத்தை அவர்கள் சாம்பல் நீரில் அவித்துத் தோல் நீக்குவார்கள், எப்படி என்று கேட்டால் விற்கும் அம்மாவே சொல்லித் தருவார்.